திருவேங்கடம்: மலையும் அதன் திருநாமங்களும்

ஸ்ரீமதே ராமாநுஜாய நம:

கோயில், திருமலை, பெருமாள் கோயில் என்று நம் பூர்வாசார்யர்கள் மூன்று திவ்ய தேசங்களை ஊர்ப் பெயர் இல்லாமலேயே வழங்குவார்கள். கோயில் என்றால் திருவரங்கம். பெருமாள் கோயில் என்றால் காஞ்சியில் தேவப்பெருமாள் ஸந்நிதி. நடுவில் நிற்கும் திருமலை என்ற சொல்லில் கோயிலும் இல்லை, பெருமாளும் இல்லை. மலை மட்டுமே இருக்கிறது. மற்ற இரண்டு இடங்களிலும் எம்பெருமானையோ அவன் வாழும் இடத்தையோ முன்னிட்டு நாமம் அமைய, இங்கு மட்டும் மலை தானே முன் நிற்பது ஏன்? திருவாய்மொழியின் மூன்றாம் பத்து மூன்றாம் திருவாய்மொழியைச் சேவிக்கும்போதெல்லாம் இந்தக் கேள்வி நமக்கு எழுவதுண்டு. அதன் எட்டாம் பாசுரத்தில் ஸ்வாமி நம்மாழ்வார், திருவேங்கட மாமலை ஒன்றைத் தொழுதாலே போதும், நம் வினைகள் ஓய்ந்துவிடும் என்று அருளிச்செய்கிறார். மலைமேல் நிற்பவனைத் தொழ வேண்டும் என்று அங்கே சொல்லவில்லை. முதற்பாசுரத்தில் எந்தையாகிய எம்பெருமானுக்கு ஒழிவில்லாத கைங்கர்யத்தை வேண்டிய ஆழ்வார், எட்டாம் பாசுரத்துக்கு வரும்போது மலையோடு நின்றுவிடுகிறார்.

மலையேற முடியாத முதியவர்களுக்கும், வாழ்நாளில் ஒருமுறையும் வடக்கே போக வாய்ப்பில்லாதவர்களுக்கும் இப்பாசுரம் பெரிய ஆறுதல். ஆனால் இதை வெறும் ஆறுதல் வார்த்தையாகக் கொண்டால் ஆழ்வாரின் திருவாக்குக்குக் குறை வரும். உண்மையிலேயே மலை போதுமா? போதுமெனில் அந்த மலை எது, அதன் எல்லை எது, அதற்குப் பெயர் எப்படி வந்தது என்பதைச் சற்று ஊன்றிப் பார்க்க வேண்டும்.

முதலில் நிலத்தைப் பார்ப்போம். ஆந்திர மாநிலத்தின் தெற்குப் பகுதியில், கிழக்குத் தொடர்ச்சி மலைகளின் ஓர் அங்கமாக இருப்பது சேஷாசலத் தொடர். திருப்பதி நகரம் அதன் தென்கிழக்கு அடிவாரத்தில் இருக்கிறது; ஸ்வர்ணமுகி ஆறு அந்த அடிவாரச் சமவெளியில் ஓடுகிறது. திருக்கோயில் அமைந்த இடம் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,800 அடி உயரம். கோயிலைச் சூழ்ந்த காடுகளும் பள்ளத்தாக்குகளும் 1989 முதல் ஸ்ரீ வேங்கடேச்வர தேசியப் பூங்கா என்ற பெயரில் பாதுகாக்கப்படுகின்றன. அதன் பரப்பு சுமார் 353 சதுர கிலோமீட்டர். இதையும் உள்ளடக்கி 2010இல் சேஷாசலம் உயிர்க்கோளக் காப்பகம் அறிவிக்கப்பட்டது. அது 4,755 சதுர கிலோமீட்டர். அரசின் ஆவணத்தில் பூங்காவுக்கு எம்பெருமானின் நாமமும், பெரிய காப்பகத்துக்கு ஆதிசேஷனின் நாமமும் அமைந்துவிட்டன. அறிவிப்பு எழுதியவர்கள் ரஹஸ்யார்த்தம் ஏதும் நினைத்து எழுதியிருக்க மாட்டார்கள். ஆனாலும் சேஷன் பரந்து கிடக்க, அவன்மேல் ஓரிடத்தில் சேஷி எழுந்தருளியிருக்கும் நிலை அந்த இரண்டு பெயர்களிலும் தானாகவே வந்து சேர்ந்திருப்பதைப் பார்த்து நாம் மகிழலாம்.

சேஷனின் வடிவமாகவே இம்மலையைக் காண்பது நம் மரபு. ஆதிசேஷனின் தலைப்பகுதி திருமலை, நடு உடல் அஹோபிலம், வால் ஸ்ரீசைலம் என்று சொல்லுவார்கள். வரைபடத்தை எடுத்து வைத்துப் பார்த்தால், சேஷாசலம், பாலகொண்டா, வெலிகொண்டா, நல்லமலை ஆகிய தொடர்கள் எல்லாம் கடப்பைப் படுகை என்று புவியியலார் அழைக்கும் மிகப் பழைய பாறைப் படுகையைச் சேர்ந்தவை என்பது தெரியும். அந்தப் படுகை பிறைபோல வளைந்தது. அஹோபிலமும் ஸ்ரீசைலமும் நல்லமலையில் இருக்கின்றன. வடபெண்ணை ஆறு இடையே புகுந்து கிழக்கே பாய்கிறது. ஆகவே வளைந்து கிடக்கும் ஓர் உருவத்தை இந்த மலைகளில் கண்டவர்கள், வெறுமனே கற்பனை செய்யவில்லை. நடந்து நடந்து அந்நிலத்தின் வளைவை அறிந்திருந்தார்கள்.

இங்கே ஒரு பெயர்க் குழப்பத்தையும் தீர்த்துக்கொள்வது நல்லது. நம் ஸம்ப்ரதாய நூல்களில் ஸ்ரீசைலம் என்று வந்தால் பெரும்பாலும் அது திருமலையையே குறிக்கும். திரு என்பதை ஸ்ரீ என்றும் மலை என்பதை சைலம் என்றும் மொழிமாற்றிய சொல் அது. பெரிய திருமலை நம்பிகளை ஸ்ரீசைலபூர்ணர் என்பது இதனாலேயே. மணவாள மாமுனிகளின் தனியனில் வரும் ஸ்ரீசைலேசரும் திருமலையாழ்வார் என்னும் திருவாய்மொழிப்பிள்ளையே. மல்லிகார்ஜுனர் கோயில் கொண்ட ஸ்ரீசைலம் வேறு. அது வடக்கே க்ருஷ்ணா நதிக்கரையில் உள்ளது. புதிதாகக் காலக்ஷேபம் கேட்கத் தொடங்கியவர்கள் இவ்விரண்டையும் ஒன்றாகக் கொண்டு மயங்குவதைப் பலமுறை கண்டிருக்கிறோம்.

இனி ஏழுமலை. சேஷாத்ரி, நீலாத்ரி, கருடாத்ரி, அஞ்சனாத்ரி, வ்ருஷபாத்ரி, நாராயணாத்ரி, வேங்கடாத்ரி என்று ஏழு திருநாமங்களை அனுஸந்திக்கிறோம். தெலுங்கு நாட்டவர் எம்பெருமானை ஏழு குன்றுகளை உடையவன் என்றே அழைக்கின்றனர். இந்த ஏழையும் ஏழு தனித்தனிச் சிகரங்களாக எண்ணிக்கொண்டு மேலே தேடப் போனால் ஏமாற்றமே மிஞ்சும். அங்கே தெரிவது ஒன்றோடொன்று இழைந்து போகும் முகடுகளும் அவற்றினிடையே ஆழ்ந்த பள்ளங்களும். நாராயணகிரி என்று ஒன்றைக் காட்டுவார்கள். அங்கே ஸ்ரீவாரி பாதங்கள் ஸேவையாகின்றன. எல்லா நாமங்களுக்கும் அவ்வாறு எல்லை வகுத்துக் காட்ட இயலாது.

புராணம் இதற்கு வேறொரு வழி காட்டுகிறது. க்ருத யுகத்தில் வ்ருஷபாத்ரி, த்ரேதா யுகத்தில் அஞ்சனாத்ரி, த்வாபர யுகத்தில் சேஷாத்ரி, கலியுகத்தில் வேங்கடாத்ரி என்று ஒரே மலைக்கே யுகந்தோறும் திருநாமம் மாறியது என்பது அக்கணக்கு. வ்ருஷபன் என்னும் அஸுரன் எம்பெருமானால் முடிந்தபோது தன் பெயர் மலைக்கு விளங்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டான். அஞ்சனாதேவி தவமிருந்து திருவடியைப் பெற்றாள். வாயுவும் ஆதிசேஷனும் தங்கள் வலிமையைப் போட்டியிட்டுக் காட்டியதில் மலை இங்கு வந்து சேர்ந்தது. மாதவன் என்னும் அந்தணனின் பாபம் இங்கே எரிந்தது. கவனித்தால், அஸுரன், பெண், நித்யஸூரி, நெறி தவறிய மனிதன் என்று நால்வகைப்பட்டவர்களும் இம்மலைக்குப் பெயர் கொடுத்திருக்கிறார்கள். உயர்ந்தவர் ஒருவர் பெயரை மட்டும் சூட்டிக்கொண்டு மற்றவர்களை மலை தள்ளவில்லை. யுகக் கணக்கும் ஏழு என்ற கணக்கும் முரண்படுகின்றனவே என்று கேட்பவர்களுக்கு நாம் சொல்வது, முந்தையது காலத்தை ஒட்டிய பெயர், பிந்தையது இடத்தை ஒட்டிய பெயர் என்பதே. இரண்டையும் ஒரே வரைபடத்தில் பொருத்த முயல வேண்டியதில்லை.

ஆழ்வார்களோ இந்த ஏழில் ஒன்றையே பெரிதும் எடுத்தாண்டார்கள். வேங்கடம் என்பதே அவர்கள் திருவாயில் நின்ற சொல். அது அவர்களுக்கும் முற்பட்டது. தொல்காப்பியத்துக்குப் பனம்பாரனார் செய்த பாயிரம் தமிழ் வழங்கும் நிலத்துக்கு வடக்கெல்லையாக வேங்கடத்தையே வைக்கிறது. அகநானூற்றில் மாமூலனார், கள்வர் கோமான் புல்லி என்பவனுக்குரிய மலையாக இதைப் பாடி, விழாக்களால் சிறப்புற்றது என்றும் சொல்கிறார். வேங்கடத்தைக் கடந்தால் மொழி மாறிவிடும் என்பது சங்கப் புலவர்களின் வழக்கமான பேச்சு. பொருள் தேடிச் சென்ற தலைவன் இந்த மலை வழியாகவே போகிறான்; பின்னே தலைவி வாடுகிறாள். எனவே அன்றைய வேங்கடம் பாலையின் வழி. காய்ந்த மூங்கில், வெயிலில் வெந்த பாறை, யானை திரியும் காடு.

கடம் என்ற சொல்லுக்குத் தமிழில் கடத்தற்கரிய சுரம் என்ற பொருள் உண்டு. வேம் என்பது வேகின்ற. இப்படிக் கொண்டால் வேங்கடம் என்பது வெந்து கிடக்கும் வழி என்றாகும். நம் பெரியோர் கொண்ட பொருள் இதனின் வேறு: வேம் என்பதைப் பாபம் என்றும் கடம் என்பதை எரித்தல் என்றும் கொண்டு, பாபத்தை எரிக்கும் மலை என்றார்கள். கடம் என்பதைக் கடன் என்று கொண்டு, பழைய கடன்கள் வெந்துபோகும் இடம் என்றும் சொல்வதுண்டு. நம்மாழ்வாரே மேற்சொன்ன திருவாய்மொழியின் ஆறாம் பாசுரத்தில் கடங்கள் வேவதைச் சொல்லி இப்பொருளுக்கு இடம் கொடுக்கிறார். சொல்லாராய்ச்சி செய்வோர் முதற்பொருளே பழையது என்பார்கள், இருக்கட்டும். எரியும் தன்மை இரண்டிலும் ஒன்றே. முன்பு வழிப்போக்கனின் கால் வெந்தது. பிறகு அவன் வினை வெந்தது.

ஆனால் இங்கே ஒரு முரண் நிற்கிறது. வெந்த மலை என்று பெயர் பெற்ற இடத்தை ஆழ்வார்கள் பாடும்போது அது முழுவதும் குளிர்ந்து கிடக்கிறது. ஒழிவில்லாத கைங்கர்யத்தை வேண்டும் பாசுரத்திலேயே அருவியின் ஆரவாரம் கேட்கிறது. சுனை, பூ, மேகம், தேன் இவையில்லாத வேங்கடப் பாசுரம் அரிது. சிலப்பதிகாரத்தில் மாங்காட்டு மறையோன் காட்டும் வேங்கடமும் அருவி வீழும் நெடிய குன்றமே. சங்கப் புலவர் கண்டதும் ஆழ்வார் கண்டதும் ஒரே மலைதானா?

ஒன்றே. நிலத்தை அறிந்தவர்களுக்கு இதில் வியப்பில்லை. இந்தக் காடு கோடையில் இலையுதிர்ந்து காயும் வறண்ட காடு. 2014 மார்ச்சில் இங்கே பற்றிய காட்டுத் தீயை அணைக்க விமானப் படையின் ஹெலிகாப்டர்கள் வர வேண்டியிருந்தது. வேம் என்ற எழுத்தின் பொருளை அந்த நாள்களில் மலையடிவாரத்தார் நேரில் கண்டனர். அதே காடு, ஐப்பசி கார்த்திகை மழையில் அருவிகளால் நிரம்பிவிடும். மலையின் மேற்பகுதி குவார்ட்சைட் என்னும் கெட்டியான மணற்பாறை. அடியில் அதைவிட மிகப் பழைய கருங்கல். இரண்டுக்கும் இடையே ஏறத்தாழ 80 கோடி ஆண்டுகளின் படிவு இல்லாமலேயே போயிருக்கிறது என்று புவியியலார் கணிக்கின்றனர். மலைப்பாதையில் அந்தச் சந்திப்பைக் கண்ணால் காணலாம். தேசிய முக்கியத்துவமுள்ள புவியியல் சின்னமாக அதை அறிவித்திருக்கிறார்கள். மேற்பாறையின் விரிசல்களில் இறங்கும் மழைநீர், கீழே ஊடுருவ முடியாத பாறையைச் சந்திக்கும் இடங்களில் பக்கவாட்டில் கசிந்து சுனையாவது மலைகளின் இயல்பு. எரிந்த பாறையின் உள்ளே நீர் இருக்கிறது. ஆகாச கங்கை, பாபவிநாசம், குமாரதாரை, தும்புரு தீர்த்தம் என்று நாம் நீராடும் தீர்த்தங்கள் இந்த மலையின் பள்ளங்களில் விழுபவையே. பூங்காவின் மேற்குப் பகுதியில் உள்ள தலகோனா அருவி 270 அடி உயரத்திலிருந்து விழுகிறது.

ஆழ்வார்கள் காட்டும் செடிகொடிகளும் இதற்குச் சான்று. பேயாழ்வார் மூன்றாம் திருவந்தாதியில் ஓர் ஆண் குரங்கைக் காட்டுகிறார். அது சுனைநீரில் தன் நிழலைக் கண்டு, வேறொரு குரங்கு வந்துவிட்டது என்று விலகுகிறது. பிறகு நீரில் தெரியும் களாப்பழத்துக்குக் கை நீட்டுகிறது. களா மழைக்காட்டுச் செடியன்று. வறண்ட புதர்க்காட்டில் வளர்வது. வறண்ட காட்டின் செடியும் வற்றாத சுனையும் ஒரே பாசுரத்தில் இருப்பதால், ஆழ்வார் திருவுள்ளத்தில் இருந்தது கண்ணால் கண்ட மலையே என்று நமக்குத் தோன்றுகிறது. பூதத்தாழ்வார் இரண்டாம் திருவந்தாதியில், மதயானை ஒன்று இரண்டு கணு உள்ள இளமூங்கிலை ஒடித்து, தேனில் தோய்த்துத் தன் பிடிக்கு நீட்டும் இடம் வேங்கடம் என்கிறார். அண்மைக் காலத்தில் நெடுநாள் இப்பகுதியில் யானைகள் இல்லாதிருந்து, 1980களில் தெற்கேயிருந்து சித்தூர்க் காடுகளுக்கு மீண்டும் வரத் தொடங்கின. பூதத்தாழ்வாரின் பாசுரத்துக்குள் அவை திரும்பி வந்தன என்று சொல்லத் தோன்றுகிறது. பயிர் இழந்த குடியானவர்களிடம் இப்படிச் சொல்ல நமக்குத் துணிவில்லை.

குலசேகரப் பெருமாளிடம் வருவோம். பெருமாள் திருமொழியின் நான்காம் திருமொழி, ஒருவகையில் இம்மலையின் நில அமைப்பையே வரிசையாகச் சொல்வது. அரச வாழ்வு வேண்டாம் என்று தொடங்கியவர், கோனேரியில் வாழும் குருகாகப் பிறக்க ஆசைப்படுகிறார். கோனேரி என்பது ஸ்வாமி புஷ்கரிணி. பறவை பறந்து போய்விடுமே. ஆகவே சுனையில் மீனாக. சுனை வற்றினால் மீன் இராதே. ஆகவே பொன்வட்டில் பிடித்து உள்ளே புகும் அந்தரங்கராக. அது பெரிய பதவி, அதில் அஹங்காரம் வரும். ஆகவே செண்பக மரமாக. செண்பகம் அழகியது, யாரேனும் தம் தோட்டத்துக்கு எடுத்துப் போகக்கூடும். ஆகவே எதற்கும் பயன்படாத தம்பகமாக. (தம்பகம் என்பதைப் புதர் என்றும் தூண்போன்ற மரம் என்றும் இருவிதமாகக் கொள்வர், இவ்விடத்தில் புதர் என்பதே நமக்குப் பொருத்தமாகப் படுகிறது.) புதர் எரிக்கப்படலாம், ஆகவே அழியாத சிகரமாக. சிகரம் உயரத்தில் இருந்து யாருக்கும் உதவாது; ஆகவே காட்டாறாக. ஆறும் கோடையில் நின்றுவிடும். ஆகவே அடியார்கள் நடக்கும் வழியாக. இறுதியில் அடியாரும் தேவரும் ஏறி இறங்கும் படியாகக் கிடந்து எம்பெருமானின் திருப்பவளத்தைக் காண்பேன் என்கிறார். கர்ப்பக்ருஹ வாசற்படியைக் குலசேகரப்படி என்று இன்றும் வழங்குகிறோம். இதற்கும் மேலே பத்தாம் பாசுரத்தில், படி என்ற அந்த ஆசையையும் விட்டு, அம்மலைமேல் ஏதாவது ஒன்றாக ஆனால் போதும் என்று முடித்துவிட்டார்.

பறவை, மீன், மரம், புதர், பாறை, ஆறு, பாதை. ஒரு வனத்துறை அதிகாரி பூங்காவின் செல்வங்களைக் கணக்கெடுத்தால் எழுதுவது ஏறக்குறைய இதே பட்டியல். செம்மரம், வேறெங்கும் காண்பதரிதான ஈந்து போன்ற பெடோம் சைகஸ், பாறைப் பிளவில் வாழும் தங்கப் பல்லி, தேவாங்கு என்று அவர் இன்னும் சிலவற்றைச் சேர்ப்பார். ஆழ்வாரின் ஏதாவது ஒன்று என்ற சொல்லுக்குள் அவையும் அடங்கும். செம்மரத்தை வெட்டிக் கடத்துகிறவர்கள் நெற்றியில் திருமண் இட்டுக்கொண்டு மலையேறினாலும், குலசேகரப் பெருமாள் ஆசைப்பட்ட பிறவிகளில் ஒன்றையே வெட்டுகிறார்கள்.

இப்போது நம்மாழ்வாரின் எட்டாம் பாசுரத்துக்குத் திரும்பலாம். வ்யாக்யானங்களில் இம்மலையைத் திருமலையாழ்வார் என்று வழங்குவதுண்டு. கல்லையும் மரத்தையும் ஆழ்வார் என்பதற்குக் காரணம், அது சேஷனின் திருமேனி. எம்பெருமானார் முதலில் திருமலையேற இசையவில்லை என்று குருபரம்பரை கூறும். சேஷனின் திருமேனியில் கால் வைப்பதா என்று அடிவாரத்தில் நின்றுவிட்டாராம். தேவரீர் ஏறாவிட்டால் நாங்கள் யாரும் ஏறமாட்டோம், பிறகு மேலே கைங்கர்யம் செய்வார் யார் என்று அங்குள்ளோர் விண்ணப்பிக்கவே ஏறினார். முழங்கால் முறிச்சான் என்னும் செங்குத்தான இடத்தை அவர் முழங்காலாலேயே கடந்தார் என்பர். தெலுங்கில் அதை மோகாள்ள பர்வதம் என்கின்றனர். அலிபிரி என்ற பெயரும் அடிப்புளி என்பதன் திரிபு என்பது நம்மவர் வழக்கு. அந்தப் புளியமரத்தடியில் திருமலை நம்பிகளிடம் எம்பெருமானார் ஓராண்டு ஸ்ரீராமாயண அர்த்தங்களைக் கேட்டார். ஒரு தமிழ்ப் பெயர் தெலுங்கு நாவில் உருமாறி இன்று பேருந்துப் பலகையில் நிற்கிறது.

சேஷன் எம்பெருமானுக்கு நின்றால் மரவடி, இருந்தால் சிங்காசனம், சென்றால் குடை. நமக்கோ ஆசார்யன். அவ்வாசார்யனைத் தொழுவது எம்பெருமானைத் தொழுவதற்குக் குறைந்ததன்று என்பதே நம் ஸித்தாந்தத்தின் சாரம். ஆழ்வார் மலை ஒன்றே போதும் என்றதை இவ்வாறு கொண்டால், அது முடியாதவர்களுக்கான சலுகையாக இராது. அதுவே நேரான வழியாகும். எம்பெருமான் தானே அதற்கு ஸம்மதித்து, திருவேங்கடமுடையான் என்று மலையை முன்னிட்டுத் தன் பெயரை அமைத்துக்கொண்டான். அவனுக்கு மலை பெயர் கொடுத்தது. மலைக்கு அவன் பெயர் கொடுக்கவில்லை.

மலை ஆசார்யனின் திருமேனி என்றால் அங்கே நடக்கும் விதமும் மாற வேண்டும். 2023இல் அலிபிரி நடைபாதையில் சிறுத்தையால் ஒரு குழந்தை உயிரிழந்த பிறகு, சிறுவர்களுடன் ஏறுவதற்கு நேரக் கட்டுப்பாடு வந்தது. அப்போது சிலர் எரிச்சலுற்றதைக் கேட்டோம். அந்தப் பெற்றோரின் துயரத்துக்கு முன் நம் எரிச்சல் எம்மாத்திரம்? மேலும் அந்தப் படிகள் கோயிலின் வெளிப்பிராகாரம் போல நமக்குத் தோன்றினாலும், அவை சிறுத்தையும் கரடியும் வாழும் காட்டின் நடுவே செல்பவை. எறிந்த உணவுக்கு நாய்கள் வருகின்றன. நாய்களைத் தேடிச் சிறுத்தைகள் வருகின்றன. 1944இல் வாகனப் பாதை திறக்கும்வரை எல்லோரும் நடந்தோ டோலியிலோதான் ஏறினார்கள். பொழுது சாய்ந்தால் நடை நிறுத்துவதும், கூட்டமாகப் போவதும் அவர்களுக்கு இயல்பாக இருந்தது.

திருமலையில் நந்தவனக் கைங்கர்யத்துக்கு யார் போவார் என்று எம்பெருமானார் கேட்டபோது, குளிரையும் காட்டையும் எண்ணிப் பலர் தயங்க, அனந்தாழ்வான் எழுந்தார். ஏரி வெட்டினார், பூ வளர்த்தார். திருமலைக்குப் புஷ்ப மண்டபம் என்று பெயர். அடுத்த முறை அலிபிரி வழியே 3,550 படிகளையும் ஏறுபவர்கள், அல்லது ஸ்ரீநிவாஸமங்காபுரத்தை அடுத்த ஸ்ரீவாரி மெட்டு வழியே 2,388 படிகள் ஏறுபவர்கள், ஓரிடத்தில் நின்று பக்கத்துப் பாறையைப் பார்க்கட்டும். மேலே போனபின் சக்ர தீர்த்தத்தருகில் 8 மீட்டர் அகலத்தில் தானே அமைந்த கல்தோரணத்தையும் ஸேவிக்கட்டும். ஏற இயலாதவர்கள் ரேணிகுண்டாவைக் கடக்கும் ரயில் பெட்டியின் மேற்குச் சன்னலிலிருந்து கைகூப்பலாம். நம்மாழ்வார் கேட்டது அவ்வளவே.

ஆழ்வார் எம்பெருமானார் ஜீயர் திருவடிகளே சரணம்